அடுப்பங்கரையும் புகழுரையும்

ஒருவரைப் புகழ்ந்துவிட்டால் அவருக்கு நாம் செலுத்த வேண்டிய கடன் தீர்ந்துவிடுமா? இக்கேள்வியை ஒரு மளிகைக் கடைக்காரரிடம் கேட்டால் அவர் நகைப்பார். அரிசியை வாங்கிக்கொண்டு, "உம்முடைய அரிசி வெகு நேர்த்தி" என்று சொல்லிவிட்டுப் பணம் கொடாமல் திரும்புவோரை அவர் வாசற்படி தாண்ட விடமாட்டார். பால்மரம் வெட்டி வாழ்ந்த நம் பெரியோரைக் கேட்டிருந்தாலும் இதையே சொல்லியிருப்பார்கள். "நன்றாக வெட்டினாய்" என்று கங்காணி சொன்ன சொல் காதுக்கு இனியதாகவே இருந்திருக்கும். ஆயினும் மாதக் கடைசியில் அச்சொல்லைக் கொண்டுபோய் ஒரு படி அரிசி வாங்க முடிந்ததில்லை. ஓர் இடத்தில் மட்டும் புகழுரையே முழுக் கூலியாக நெடுங்காலம் செலாவணியாகி வந்திருக்கின்றது. அவ்விடம் நம் வீட்டு அடுப்பங்கரை.

நம் மொழியே இதற்குச் சாட்சி கூறும். ‘மனைவி’ என்றோம், ‘இல்லாள்’ என்றோம், பின்னர் ‘இல்லத்தரசி’ என்று முடியும் சூட்டினோம். மூன்று பெயரிலும் வீடு இருக்கின்றது. ‘இல்லாள்’ என்பதற்கு நேரான ஆண்பாற் சொல்லைத் தேடினால் ‘இல்லான்’ என்று வரும். அதற்கோ யாதுமற்ற வறியவன் என்பது பொருள். வீட்டைப் பெண்ணின் பெயரோடு முடிச்சிட்ட நாம், ஆணின் பெயரோடு முடிச்சிட மறந்தோம். அரசி என்ற பட்டம் மிகப் பெரிது. ஆனால், பொக்கிஷத்தின் சாவி கையில் இல்லாமல், விடியுமுன் எழுந்து, எல்லோரும் உண்ட பின் எஞ்சியதை உண்ணும் அரசி இவ்வுலகில் வேறெந்த இராஜ்யத்திலேனும் உண்டோ? வாசகர்களே சிந்திக்கட்டும்.

இவ்வரசியைப் புலவரும், பத்திரிகையாளரும், விளம்பரக்காரரும், படமெடுப்போரும் காலந்தோறும் எவ்விதம் சித்திரித்து வந்தனர், அச்சித்திரம் எங்கே மாறியது, எங்கே மாறாமல் நிற்கின்றது என்பதை ஒரு சிறிது ஆராய விரும்புகின்றோம். சமையல் இழிதொழில் என்று கூற நாம் முன்வரவில்லை. பசித்த வயிற்றுக்குச் சோறிடுவதைக் காட்டிலும் உயர்ந்த தொழில் இருப்பதாக நாம் அறியோம். அத்துணை உயர்ந்த தொழில் ஏன் ஒருத்தியின் தலையில் மட்டும் விழுந்தது என்பதும், அதை மறைக்க இச்சித்திரங்கள் எவ்வாறு துணைபோயின என்பதுமே நம் கேள்வி.

புகை தெரிந்த சித்திரம்

முதலில் பழைய நூல்களைப் பார்ப்போம். கூடலூர் கிழார் பாடிய குறுந்தொகைச் செய்யுள் ஒன்று (167) பலரும் அறிந்தது. புதுமணம் புரிந்த பெண்ணின் வீட்டைக் கண்டு திரும்பிய செவிலி, அங்குக் கண்டதைப் பெற்ற தாயிடம் சொல்லுகின்றாள். பெண் கட்டித் தயிரை விரலாற் பிசைந்தாள். அவ்விரலைத் துடைத்த சேலையை மாற்றவும் அவகாசமின்றி உடுத்தியிருந்தாள். தாளிப்பின் புகை அவள் கண்ணில் ஏறியது. அவ்வாறு வருந்தி ஆக்கிய புளிக்குழம்பைக் கணவன் ‘இனிது’ என்று உண்டான். அவள் முகத்தில் மெல்லிய மகிழ்ச்சி ஒன்று தோன்றியது.

அழகிய சித்திரமே, இளந்தம்பதிகளின் அன்பை நாம் குறைகூறப் புகவில்லை. ஆயினும் கணக்குப் பார்ப்போர் கண்ணுக்கு இதில் ஒரு பற்றுவரவு தெரியும். ஒருபுறம் விரலும் சேலையும் கண்ணும் செலவாயின; மறுபுறம் ஒரு சொல் வரவாயிற்று. அச்சொல் வந்ததும் ஏடு மூடப்பட்டது. செய்தி சொல்பவள் பெண்ணாயிருந்தும், அவள் கையிலிருந்த அளவுகோல் உண்டவனுடைய நாக்கே.

சிலப்பதிகாரத்திலும் இவ்வாறே. மதுரைப் புறத்தில் மாதரி தந்த மனையில் கண்ணகி சமைக்கின்றாள். காய் அரிந்து அவள் விரல் சிவந்ததையும், முகம் வியர்த்ததையும், வைக்கோல் நெருப்பின் புகையில் கண் கலங்கியதையும் இளங்கோவடிகள் மறவாமல் எழுதினார். பிறகு அவள் கணவன் காலைக் கழுவி, இலை விரித்து, உண்பித்து, வெற்றிலையும் கொடுக்கின்றாள். கோவலன் உண்டதைக் காப்பியம் சொல்லுகின்றது. கண்ணகி உண்டதாக அவ்விடத்தில் ஒரு சொல்லும் இல்லை. செல்வ வணிகன் மகளாய்ப் பிறந்து, நடந்து நடந்து கால் நொந்து வந்தவள் அவள். அவளுக்கும் பசித்திருக்கும் என்று நாம் நினைப்பது தவறாகாது.

இருந்தபோதிலும் அப்புலவர்களிடம் ஒரு நேர்மை உண்டு. அவர்கள் புகையை மறைக்கவில்லை. வியர்வையைத் துடைத்துவிட்டுப் படம் காட்டவில்லை. சோறு உழைப்பால் ஆவது என்பதையும், அவ்வுழைப்பு உடலை வருத்துவது என்பதையும் கண்டு எழுதினார்கள். பின்வந்தோரிடம் இந்நேர்மையும் இல்லாமற் போயிற்று.

புகை மறைந்த சித்திரம்

அச்சு யந்திரம் பெருகி வாரப் பத்திரிகைகள் எழுந்த காலத்தில் அடுப்பங்கரை புது வேஷம் தரித்தது. ஆனந்த விகடன் 1926-லும், கல்கி 1941-லும் தோன்றின. தமிழ்நாட்டுப் பத்திரிகைகள் கப்பலேறிப் பினாங்கிலும் சிங்கப்பூரிலும் இறங்கின. அவற்றில் கதை எத்துணையோ, விளம்பரமும் அத்துணை. டால்டா என்னும் வனஸ்பதி 1937-ல் இந்தியச் சந்தைக்கு வந்தபோது, அது நெய்க்கு மாற்று என்பதோடு தாயன்பின் அடையாளமாகவும் காட்டப்பட்டது. பானங்களும், பொடிகளும், பிஸ்கோத்துகளும் அவ்வழியே பின்தொடர்ந்தன. குழந்தை இளைத்திருந்தால் தாய் தவறினாள். கணவன் களைத்திருந்தால் மனைவி தவறினாள். குறித்த டப்பாவை வாங்கினால் இருவரும் தேறுவர். விளம்பரத்தின் சாரம் இவ்வளவே.

அப்படங்களில் நின்ற மாதைச் சற்று நினைத்துப் பாருங்கள். பட்டுச் சேலை கசங்கவில்லை; தலையில் மல்லிகை வாடவில்லை; நெற்றியில் ஒரு துளி வியர்வை இல்லை. கையில் கரண்டி, முகத்தில் புன்னகை. அடுப்பு எங்கே எரிகின்றது, விறகை யார் பிளந்தார், பாத்திரத்தை யார் துலக்குவார் என்பதெல்லாம் படத்துக்கு வெளியே தள்ளப்பட்டன. பழம் புலவர் கண்ட புகையை நீக்கிவிட்டு, அவ்விடத்தில் புன்னகையை ஒட்டினார்கள். வேலை கண்ணுக்குத் தெரியாமற் போகவே, அது வேலை என்ற நினைப்பும் போயிற்று. "வீட்டில் சும்மாதான் இருக்கின்றாள்" என்று கணவன்மார் கூசாமல் சொல்லும் வாக்கியம் இம்மாதிரிப் படங்களின் நிழலில்தான் செழித்து வளர்ந்தது.

அதே பத்திரிகைகளின் நகைச்சுவைப் பக்கங்களும் தம் பங்கைச் செலுத்தின. சமைக்கத் தெரியாத புதுமணப்பெண் ஒரு துணுக்கு. மனைவிக்கு அஞ்சிக் காய் நறுக்கும் கணவன் மற்றொரு துணுக்கு. இவ்விரண்டும் நெடுங்காலம் வற்றாத சிரிப்புச் சுரங்கங்களாயிருந்தன. சிரிப்புத்தானே என்று விட்டுவிடலாகாது. அடுப்பங்கரைக்குள் அடியெடுத்து வைக்கும் ஆணைக் கண்டு ஊரே சிரிக்கும் என்றால், எந்த ஆண் உள்ளே போவான்? அந்தச் சிரிப்பு வாசலில் நின்ற காவற்காரன். அவன் ஆணை உள்ளே விடவில்லை. பெண்ணை வெளியே விடவில்லை.

இந்நிலையில் 1951-ல் வெளிவந்த ஒரு நூலை நாம் நன்றியோடு நினைக்க வேண்டும். இளமையிலேயே கணவனை இழந்த மீனாட்சி அம்மாள் என்ற மாது ‘சமைத்துப் பார்’ என்னும் நூலை எழுதி வெளியிட்டார். அந்நாள்வரை தாய் சொல்ல மகள் கேட்டு வந்த வித்தை, அளவும் பக்குவமும் குறித்த நூலாயிற்று. அந்நூலில் பட்டுச் சேலையும் இல்லை, புகழுரையும் இல்லை. இவ்வளவு பருப்பு, இவ்வளவு நீர், இவ்வளவு நேரம் என்ற கணக்கு இருந்தது. சமையல் பெண்ணோடு பிறக்கும் குணம் என்ற மயக்கத்தை அக்கணக்கு கலைத்தது. கற்றால் வருவது வித்தை. வித்தையாயின் ஆணும் கற்கலாம். அந்நூலைப் பெண்ணுக்குச் சீர்வரிசையோடு வைத்துக் கொடுத்த பெற்றோர், மாப்பிள்ளைக்கும் ஒரு பிரதி கொடுத்திருப்பின் எத்துணை நலமாயிருந்திருக்கும்!

யந்திரம் வந்தது, ஆள் மாறவில்லை

பிறகு கருவிகளின் காலம் பிறந்தது. 1950-களில் கோயம்புத்தூரில் மின்சார ஆட்டுக்கல் தோன்றியது. 1963-ல் பம்பாயில் சுமீத் மிக்ஸி வந்தது. மேல்நாட்டு யந்திரம் நம் அரைப்புக்குத் தாங்காமற் போகவே, மனைவிக்காக ஒரு பொறியியல் அறிஞர் ஆக்கியது அது. ஆட்டுக்கல்லின் முன் குந்தித் தோள் நொந்த நம் பாட்டிமார் இவற்றைக் கண்டிருந்தால் கையெடுத்துக் கும்பிட்டிருப்பர். யந்திரத்தைப் பழிப்போர் கூட்டத்தில் நாம் சேரமாட்டோம். உடல் நோவைக் குறைத்த கருவி எதுவும் மனிதகுலத்துக்கு நண்பனே.

ஆயினும் கருவியை விற்க வந்த சித்திரத்தைப் பாருங்கள். பிரஸ்டீஜ் என்னும் அழுத்தக் குக்கருக்காக இந்தி மொழியில் வழங்கிய புகழ்பெற்ற விளம்பரம் ஒன்று, மனைவியிடம் அன்புள்ளவன் இதை வாங்க மறுப்பானோ என்னும் பொருள்படக் கேட்டது. கெட்டிக்காரத்தனமான கேள்வி! அன்பு இருந்தால் பணம் கொடு. குக்கரை வாங்கி அவள் கையில் கொடு. நீ கூடத்துக்குப் போ. மனைவிமேல் அன்புள்ளவன் அவளோடு நின்று வெங்காயம் உரிக்கலாம் என்பது அவ்விளம்பரத்துக்குத் தோன்றவில்லை. தோன்றினாலும் அதனால் குக்கர் விலைபோகாது.

தமிழ்நாட்டில் அரசாங்கமே 2006-ல் வீடுதோறும் வண்ணத் தொலைக்காட்சியும், 2011-ல் மிக்ஸியும் ஆட்டுக்கல்லும் மின்விசிறியும் இலவசமாக வழங்கத் தொடங்கியது. முதலில் படம் காட்டும் பெட்டி வந்தது. ஐந்தாண்டு கழித்தே அரைக்கும் கருவி வந்தது. வரிசை எவ்வாறாயினும் அரைத்தவள் யார் என்பது மாறவில்லை. 2019-ல் இந்திய அரசாங்கம் எடுத்த காலக் கணக்கெடுப்பைப் பார்ப்போம். கூலியில்லாத வீட்டு வேலையில் நாள்தோறும் ஈடுபட்டோர் பெண்களில் நூற்றுக்கு 81 பேர். ஆண்களில் 26 பேர். ஈடுபட்ட பெண் ஒருத்தி சராசரியாகச் செலவிட்டது 299 நிமிடம். ஈடுபட்ட ஆண் ஒருவன் செலவிட்டது 97 நிமிடம். கடல் தாண்டி வந்த நாம் மேலானவர் என்று மார்தட்ட வேண்டா. அதே 2019-ல் கஸானா ஆய்வுக் கழகம் வெளியிட்ட கோலாலம்பூர்க் கணக்கும், கூலியில்லாப் பராமரிப்பு வேலைக்குப் பெண்கள் நாளொன்றுக்கு 3.6 மணி நேரமும் ஆண்கள் 2.2 மணி நேரமும் செலவிடுவதாகவே காட்டியது.

தோட்டத்துச் சாட்சி

"ஆண் வெளியே உழைக்கின்றான், பெண் உள்ளே உழைக்கின்றாள், இது நியாயமான தொழிற்பிரிவினை அன்றோ?" என்று நண்பர் சிலர் கேட்பர். கேள்வி கேட்கத் தக்கதே. ஆனால் இதற்கு விடை நூல்களில் தேட வேண்டியதில்லை. நம் தோட்டத்து லயங்களிலேயே இருந்தது.

விளம்பரப் படத்தில் நின்ற இல்லத்தரசியை நம் பாட்டிமார் கண்டது பத்திரிகையிலும், தோட்டத்துத் திடலில் வெள்ளைத் துணி கட்டிக் காட்டிய படங்களிலுந்தான். அவர்களுடைய வாழ்வு வேறு. பொழுது விடியுமுன் எழுந்து அடுப்பை மூட்டி, சோறும் குழம்பும் ஆக்கித் தூக்கில் அடைத்து, பிள்ளைகளை ஆயாக் கொட்டகையில் விட்டு, பெரட்டுக்கு ஓடிப் பெயர் கொடுத்து, கணவன் வெட்டிய அதே நிரையில் மரம் வெட்டி, மங்கில் வடிந்த பாலைச் சேர்த்துச் சுமந்து கொண்டுபோய்க் கொட்டிவிட்டு, இருவரும் ஒரே நேரத்தில் லயம் திரும்பினார்கள். திரும்பிய பின் நடந்தது என்ன? ஒருவர் திண்ணையில் அமர்ந்து சுருட்டைப் பற்ற வைத்தார். மற்றவர் அடுப்பைப் பற்ற வைத்தார். யார் எதைப் பற்ற வைத்தார் என்று நாம் சொல்லத் தேவையில்லை.

ஆகவே தொழிற்பிரிவினை என்ற நியாயம் நம் கண்ணெதிரிலேயே பொய்த்துப் போனது. வெளி வேலையை இருவரும் பகிர்ந்தபோதும் உள் வேலை பகிரப்படவில்லை. அதிகம் சம்பாதிப்பவன் ஆண் என்பார்களாயின், அதற்கும் ஒரு கணக்கு உண்டு. 1928-ல் முக்கியத் தோட்ட வட்டாரங்களில் இந்தியத் தொழிலாளருக்கு நிர்ணயிக்கப்பட்ட நாட்கூலி ஆணுக்கு 50 காசு. பெண்ணுக்கு 40 காசு. மரம் இருவருக்கும் ஒன்று, வெயில் ஒன்று, அட்டைக்கடி ஒன்று. துரை அவளுக்குப் பத்துக் காசு குறைத்தார்; வீட்டில் நாம் அவளுக்கு அரை நாள் வேலை கூட்டினோம். துரையின் அநீதியை எதிர்த்துக் கூட்டம் கூட்டினோம். நம் அநீதிக்குக் கூட்டம் எங்கே கூட்டினோம்?

கண் இடம் மாறியது

இதுகாறும் நாம் கண்ட சித்திரங்கள் யாவற்றுக்கும் பொதுவான குணம் ஒன்றுண்டு. அவையெல்லாம் இலையின் முன் அமர்ந்தவனுடைய இடத்திலிருந்து வரையப்பட்டவை. அவனுக்குத் தெரிவது பரிமாறும் கை, நாடுவது சுவை, கொடுப்பது புகழ். அடுப்பின் முன் நிற்பவளுடைய இடத்திலிருந்து பார்த்தால் உலகம் எவ்விதம் தெரியும் என்று கேட்கத் துணிந்தபோதுதான் உண்மையான மாறுதல் தொடங்கியது.

1988-ல் வெளிவந்த ‘வீட்டின் மூலையில் ஒரு சமையலறை’ என்னும் கதையில் அம்பை அவ்வாறு கேட்டார். கதை நிகழ்வது ராஜஸ்தானத்துக் கூட்டுக் குடும்பம் ஒன்றில். வீடு பெரிது, அறைகள் பல, சமையலறையோ பின்னால் ஒதுக்கப்பட்ட ஒரு மூலை. அதை வசதிப்படுத்தலாம் என்று தென்னாட்டு மருமகள் சொல்லப்போக, அது பெருங்குற்றம் போல் ஆகின்றது. அந்த இருண்ட மூலையின் அதிகாரத்துக்காகப் பெண்களே தமக்குள் போரிடுவதையும், அவ்வதிகாரமே அவர்களுக்கு விலங்காவதையும் அம்பை காட்டினார். சமையலறையைப் புகழ்ந்த தமிழில், அச்சமையலறைக்குச் சன்னல் எத்துணை பெரிது என்று கேட்ட குரல் அது.

2021-ல் ஜியோ பேபி என்பார் மலையாளத்தில் எடுத்த ‘தி கிரேட் இந்தியன் கிச்சன்’ என்னும் படம் அக்கேள்வியைப் பல இலட்சம் பேரின் கண்முன் வைத்தது. 2023-ல் ஆர். கண்ணன் அதைத் தமிழில் எடுத்தார். அப்படத்தில் சண்டையில்லை, பெருங்கொடுமைக்காரன் எவனும் இல்லை. அரிவதும், அரைப்பதும், ஆக்குவதும், பரிமாறுவதும், ஆண்கள் மேஜையிலேயே மென்று துப்பிய சக்கையை வழிப்பதும், துலக்குவதும் மீண்டும் மீண்டும் காட்டப்படுகின்றன. தொட்டியின் அடியில் குழாய் ஒழுகுகின்றது. ஆளை அழைத்துவரும்படி அவள் கேட்கக் கேட்கக் கணவன் மறக்கின்றான். மாமனாரோ மிக இனிமையாகப் பேசுபவர். சோறு விறகடுப்பில்தான் ஆக வேண்டும், சட்டினி அம்மியில்தான் அரைபட வேண்டும் என்று இனிமையாகவே சொல்லுகின்றார். கத்தியில்லாமல் ஓர் உயிரைச் சிறிது சிறிதாக அறுக்க இயலும் என்பதை அவ்வினிமை காட்டிவிடுகின்றது.

அப்படத்தின் முடிவை நாம் இங்கே வற்புறுத்த விரும்புகின்றோம். அவள் வெளியேறி விடுகின்றாள். தன் வாழ்வைத் தானே அமைக்கின்றாள். அத்தோடு படம் முடிந்திருந்தால் கைதட்டி எழுந்து போயிருப்போம். ஆனால் கணவன் மறுமணம் செய்துகொள்ளுகின்றான். அதே அடுப்பங்கரையில் புதிய பெண் ஒருத்தி நிற்கின்றாள். ஒருத்தி தப்பினாள், அடுப்பங்கரை தப்பவில்லை. துணிந்த பெண் வெளியேறுவது அவளுக்கு விடுதலை. அவ்வீட்டு ஆண் திருந்தாதவரை சமூகத்துக்கு அது விடுதலையாகாது.

புதிய நளர்கள்

இன்னொரு மாறுதலையும் ஆராய வேண்டும். இன்று திரையில் ஆண்கள் சமைக்கின்றனர். 2019-ல் தொடங்கிய ‘குக் வித் கோமாளி’ என்னும் தொலைக்காட்சி நிகழ்ச்சியில் ஆணும் பெண்ணுமாய்ப் போட்டியிட்டுச் சமைத்தனர். வீடுதோறும் சிரித்து மகிழ்ந்தனர். காய் நறுக்கும் ஆண் பழைய துணுக்கின் பரிகாசப் பொருளாயில்லாமல் பாராட்டுக்குரியவனானான். நல்லதே, மனமார வரவேற்கின்றோம்.

ஆயினும் ஒரு பழைய செய்தியை நினைவூட்டுவோம். கோடிக்கணக்கான பெண்கள் ஆயிரமாயிரம் ஆண்டுகள் சமைத்த இந்நாட்டவரிடையே, சிறந்த சமையலுக்கு வழங்கும் பெயர் யாது? ‘நளபாகம்’, ‘வீமபாகம்’. இரண்டும் ஆண்கள் பெயர். கலியாணப் பந்திக்குச் சமைத்துக் கூலி வாங்கும் தலைமைச் சமையற்காரரும் பெரும்பாலும் ஆணே. ஆகவே ஆணுக்குச் சமைக்க வராது என்பது எந்நாளும் உண்மையன்று. கூலியும் கீர்த்தியும் உள்ள அடுப்பை அவன் தேடிச் சென்றான். இரண்டும் இல்லாத அடுப்பைத் தேடவில்லை. திரையில் ஒரு மணி நேரம் சமைப்பவனைக் காண்கின்றோம். நிகழ்ச்சி முடிந்த பின் அவன் வீட்டுப் பாத்திரத்தைத் துலக்குபவர் யாரென்று காண்பதில்லை. பண்டிகை நாளில் ஒரு வேளை பிரியாணி ஆக்கி ஊராரின் மெச்சுதலைப் பெறும் கணவன்மாரை நாமும் அறிவோம். ஆண்டின் 364 நாளும் ஆக்கியவளை அன்று யாரும் மெச்சுவதில்லை.

நம் முடிவு

"தாய் தன் பிள்ளைக்குச் சமைப்பது அன்பினால், அன்புக்குக் கணக்குப் பார்க்கலாமா?" என்பது இறுதியாக எழும் ஆட்சேபம். இதை நாம் இலேசாகத் தள்ளமாட்டோம். தாயின் கைமணத்தை நினைத்துக் கண் கலங்காதவர் நம்மில் யார்? நம் கேள்வி ஒன்றே. சமைப்பது அன்பாயின், அவ்வன்பு தகப்பனுக்கு ஏன் விலக்கப்பட்டது? அன்பு பெண்ணுக்கு மட்டும் கட்டாயமாகவும் ஆணுக்கு விருப்பமாகவும் இருக்குமாயின், கட்டாயத்துக்கு அன்பென்று பெயரிட்டோம் என்றுதான் ஆகும். வேண்டாம் என்று சொல்லும் உரிமை உள்ளவள் மனமுவந்து ஆக்கும் சோறே அன்பின் சோறு. அவ்வுரிமை இல்லாதவள் ஆக்கியது எவ்வளவு இனிப்பினும், அதில் நமக்குக் கடன் உண்டு.

சட்டம் இக்கடனை உணரத் தொடங்கிவிட்டது. சிங்கப்பூரில் 1961-ல் இயற்றப்பட்ட மாதர் சாசனம் குடும்பத்தை நடத்துவதில் கணவன் மனைவி இருவருக்கும் சம உரிமை என்கின்றது. மணமுறிவில் சொத்தைப் பிரிக்கும்போது வீட்டைப் பேணியும் பிள்ளைகளை வளர்த்தும் செய்த பங்கையும் கணக்கில் எடுக்கச் சொல்லுகின்றது. மலேசியாவில் 2022-ஆம் ஆண்டு இல்லத்தரசிகள் சமூகப் பாதுகாப்புச் சட்டம் அவ்வாண்டு டிசம்பர் 1-ஆம் தேதி நடைமுறைக்கு வந்தது. ஆண்டுக்கு 120 ரிங்கிட் சந்தா செலுத்தினால், வீட்டு வேலையில் நேரும் விபத்துக்கும் சொக்சோவின் பாதுகாப்பு உண்டு. கொதிநீர் கொட்டி வெந்த கையும் வேலையில் வெந்த கையே என்பதைச் சட்டம் ஒப்புக்கொண்டது. புகழுரையால் ஆகாத காரியத்தை ஒரு சந்தாச் சீட்டு செய்தது.

ஆனால் சட்டம் வாசல்வரை வரும், அடுப்பங்கரைக்குள் வராது. படமும் அவ்வாறே. உள்ளே போக வேண்டியவர் நாம். பெற்றோர்கள் மகளுக்குக் கற்பிக்கும் சமையலை மகனுக்கும் கற்பிக்கட்டும். உண்ட தட்டைத் தானே கழுவுவதில் தொடங்கட்டும். நம் பையன்களின் மானம் அதனால் போய்விடாது. வாலிபர்கள் கலியாணத்துக்கு முன்னே சோறும் இரண்டு குழம்பும் ஆக்கக் கற்றுக்கொள்ளட்டும். மாமியார்மார் தாம் பட்ட துன்பத்தை மருமகள்மீது வட்டியோடு வசூலிப்பதை நிறுத்தட்டும். எல்லோரும் ஒருங்கே அமர்ந்து உண்ணும் வழக்கம் நம் இல்லங்களில் ஏற்படட்டும். சமைத்தவர் கடைசியில் உண்ணும் வழக்கம் ஒழியட்டும்.

குழம்பு நன்றாயிருந்தால் ‘இனிது’ என்று சொல்லுங்கள்; அச்சொல்லை நாம் தடுக்கவில்லை. சொன்ன பின் அப்படியே எழுந்து கூடத்துக்குப் போய்விடாமல், அடுப்பங்கரைக்குச் சென்று சட்டியைத் திறந்து பாருங்கள். ஆக்கியவளுக்கு அதில் எவ்வளவு மிஞ்சியிருக்கின்றது என்பது அப்போது உங்களுக்கே தெரியும்.